அப்பாவுக்கு வந்தது மகனுக்கும் வருமா? தொடர்கதையின் கடைசி அத்தியாயத்தில் மாட்டிக்கொண்டேன்

காட்பாடி வாசி:
வணக்கம் மக்களே. இங்கே பாதிப் பேர் என் தொடர்கதையைப் படித்துக்கொண்டிருக்கிறீர்கள், மீதிப் பேருக்காகச் சுருக்கம். கதிருக்கு 29 வயது, ராணிப்பேட்டையில் ஒரு தோல் கம்பெனியில் கணக்கு எழுதுகிறான். அவன் அப்பாவுக்கு 1998-ல், சரியாக 30 வயதில், புத்தி பேதலித்துவிட்டது. பாட்டி சோளிங்கருக்குக் கூட்டிப்போய் ஒரு மண்டலம் வைத்திருந்தாள், சரியாகவில்லை, அப்புறம் மாட்டுக்கொட்டகையில் சங்கிலி. ஒரு நாள் விடிகாலையில் கிணற்றில் மிதந்தார். கதிருக்கு 30 ஆக இன்னும் நாலு மாதம்தான். தினமும் ராத்திரி மூன்று மணிக்கு அதே கனவு. ஊர் திரௌபதி அம்மன் திருவிழாவில் கூத்தாக நடக்கும் பாரதத்தின் கடைசி நாள், துரியோதனன் சாகும் படுகளத்தில் மண்ணால் செய்த அவன் உருவம் மல்லாந்து கிடக்கிறது, பீமன் வேஷக்காரர் தொடையில் அடிக்கிறார், குங்குமத் தண்ணீர் பீறிடுகிறது, அந்த நேரம் பார்த்து மண் முகம் திரும்பி இவனைப் பார்க்கிறது, அது அப்பாவின் முகம். எழுந்து பார்த்தால் நகக்கண்ணில் மண்.

இடையில் கம்பெனியில் இரண்டு கொலை. தூக்கத்தில் எழுந்து போய்க் கொன்றது கதிர்தான், அப்பாவின் ரத்தம் இவனுக்குள்ளும் ஓடுகிறது என்று முடிப்பதாக இருந்தேன். எழுதவே வரவில்லை, மூன்று வாரம் ஆகிறது. எங்கே இடிக்கிறது என்று சொல்லுங்கள், திட்டினாலும் பரவாயில்லை.

திகில் தின்னி:
திட்டு வாங்கத் தயார் என்பதால் நேராகச் சொல்கிறேன் தலைவரே. மூன்றாம் அத்தியாயத்தில் நகக்கண் மண் வந்ததுமே கொலைகாரன் யாரென்று எனக்குத் தெரிந்துவிட்டது. என் மனைவிக்கு இரண்டிலேயே. பயப்படுகிறவனே கொலைகாரன் என்பதெல்லாம் அரைத்த மாவு. ஆனால் அந்தப் படுகளக் கனவு சத்தியமாகப் பயமுறுத்தியது. அணைக்கட்டு பக்கம் பாட்டி ஊரில் சின்னப் பையனாக அதைப் பார்த்துவிட்டு ஒரு வாரம் ஜுரத்தில் கிடந்தவன் நான். அவ்வளவு பெரிய உருவம் கண்ணை உருட்டிக்கொண்டு, சாயம் பூசி, உச்சி வெயிலில் படுத்திருக்கும். அது கையில் இருக்கும்போது கொலை எதற்கு?

1305படி:
நான் சோளிங்கர்க்காரன், அடிவாரத்தில்தான் வீடு. உங்கள் இரண்டாம் அத்தியாயத்தைப் படித்துக் கொஞ்சம் கோபம் வந்தது, இருந்தாலும் பொறுமையாகவே சொல்கிறேன். பாட்டி அப்பாவைப் பெரிய மலைக்குக் கூட்டிப்போகிறாள், 1305 படியும் இழுத்துக்கொண்டு ஏறுகிறாள், மேலே நூறு பேர் தலையை விரித்துப் போட்டு அலறுகிறார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். பெரிய மலை யோக நரசிம்மருக்கு. மனசு சரியில்லாதவர்களைக் கூட்டி வருவது பெரும்பாலும் சின்ன மலைக்கு, யோக ஆஞ்சநேயரிடம். 406 படி. தக்கான் குளத்தில் குளிக்க வைத்து ஈரத்துணியோடு ஏற்றுவார்கள். அலறலும் உண்டு, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் பள்ளிக்கூடம் போகும் வழியில் நான் பார்த்ததெல்லாம் வேறு மாதிரி: ஒரு அம்மா வளர்ந்த மகளுக்குத் தலை வாரிவிட்டுக்கொண்டிருப்பார், ஒரு அண்ணன் தம்பியின் சட்டைப் பித்தானைப் போட்டுவிடுவார், நாற்பத்தெட்டு நாள் இருந்துவிட்டு மூட்டை கட்டிக்கொண்டு பஸ் ஏறுவார்கள். உங்கள் பாட்டியும் அப்படித்தானே இருந்திருப்பாள்?

இன்னொன்று. 1998 கதையில் சங்கிலி வரலாம், அப்போது ஊர் ஊருக்கு இருந்தது. 2001 ஆகஸ்டில் ஏர்வாடியில் தீப்பிடித்தபோது சங்கிலியில் இருந்தவர்கள் ஓட முடியாமல் 28 பேர் செத்தார்கள், அதற்குப் பிறகுதான் நாடு திரும்பிப் பார்த்தது. ஆனால் ஏழாம் அத்தியாயத்தில், இந்தக் காலத்தில், கதிரையே கட்டிப்போடச் சொல்லி டாக்டர் ஒருவர் யோசனை சொல்கிறார். 2017 மனநலச் சட்டப்படி யாரையும் எந்த விதத்திலும் சங்கிலியில் கட்டக்கூடாது. அந்த டாக்டர் மேல் கேஸ் போடலாம்.

காட்பாடி வாசி:
மலை மாறிப்போனதற்கு மன்னியுங்கள் அண்ணா, நான் போனது ஒரே தடவை, அதுவும் சின்ன வயதில். டாக்டரைத் தூக்கிவிடுகிறேன்.

நைட் ட்யூட்டி:
இப்போதுதான் ஷிப்ட் முடிந்தது, அரைத்தூக்கத்தில் எழுதுகிறேன். நர்ஸ் வேலை, எந்த ஆஸ்பத்திரி என்று மட்டும் கேட்காதீர்கள். கதையில் தூக்கத்தைப் போட்டுக் குழப்பிவிட்டீர்கள் தம்பி. கெட்ட கனவு வருவது இமைக்குள் விழி ஓடுகிற தூக்கத்தில். விடிய விடிய அது நீளும், அதனால் மூன்று மணி என்பது சரிதான். ஆனால் அந்த நேரத்தில் கை கால் தசைகளுக்கு உடம்பே பூட்டுப் போட்டுவிடும், எழுந்து ஓட முடியாது. தூக்கத்தில் நடப்பவர்கள் நடப்பது ஆழ்ந்த தூக்கத்தில், படுத்த இரண்டு மூன்று மணி நேரத்துக்குள், காலையில் கேட்டால் பெரும்பாலும் ஒன்றும் ஞாபகம் இருக்காது. கனவும் வரி வரியாக ஞாபகம் இருக்கிறது, அதே நேரத்தில் எழுந்து போய்க் கொலையும் செய்தான் என்றால் என்னைப் போல ஒருத்தி அங்கேயே புத்தகத்தை மூடிவிடுவாள். கனவில் உதைப்பது, குத்துவது என்று ஒரு வியாதி உண்டு, ஆனால் அது பெரும்பாலும் ஐம்பது தாண்டியவர்களுக்கு வரும், பக்கத்தில் படுத்திருப்பவருக்குத்தான் அடி விழும்.

அந்தப் பூட்டு சில சமயம் மூளை முழித்த பிறகும் திறக்காது. கண் திறந்திருக்கும், விரலை அசைக்க முடியாது, நெஞ்சில் யாரோ உட்கார்ந்த மாதிரி இருக்கும். நம் பாட்டிகள் அமுக்குவான் என்பார்களே, அதுதான். மல்லாந்து படுத்தாலும் தூக்கம் கெட்டாலும் அதிகம் வரும், ஷிப்ட் பார்க்கிற எங்களுக்குப் பழக்கம். எனக்கு வரும்போது ஜன்னலோரம் ஒரு ஆள் நிற்பார், லுங்கி கட்டியிருப்பார். பைத்தியத்துக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை.

உங்களுக்கே தெரியாமல் கையில் ஒரு நல்ல துப்பு வைத்திருக்கிறீர்கள். நாலாம் அத்தியாயத்தில் தோல் நாற்றத்தில் கதிருக்கு ஒற்றைத் தலைவலி, மாத்திரை வாங்கிப் போடுகிறான். ஒற்றைத் தலைவலி வராமல் தடுக்கக் கொடுக்கும் மாத்திரைகளில் ஒன்று ப்ரோப்ரனலால். சிலருக்கு அது தத்ரூபமான கெட்ட கனவுகளைக் கொண்டுவரும். அவன் அப்பாவின் ரத்தம் என்று நடுங்கிக்கொண்டிருக்க, காரணம் சட்டைப்பையில் அட்டையாக இருக்கிறது. (நீங்களாக யாரும் மாத்திரையை நிறுத்தாதீர்கள், எழுதிக்கொடுத்தவரைக் கேளுங்கள்.)

திகில் தின்னி:
அக்கா, இதுதான் முடிவு! கடைசிப் பக்கத்தில் மாத்திரை அட்டை!

நைட் ட்யூட்டி:
இதைவிடப் பெரிதாகவும் ஒன்று இருக்கிறது. வில்சன் நோய். உடம்பில் தாமிரம் வெளியேறாமல் கல்லீரலிலும் மூளையிலும் சேரும். கை நடுங்கும், பேச்சு குழறும், குணம் மாறும், சிலருக்கு முதலில் தெரிவதே மனக்கோளாறு மாதிரிதான். கருவிழி ஓரத்தில் பழுப்பு வளையம் விழும். அப்பா அம்மா இரண்டு பேரிடமிருந்தும் கெட்ட மரபணு வந்தால்தான் நோய், அதனால் மாமன் மகள், அக்கா மகள் என்று கட்டிக்கொள்ளும் குடும்பங்களில் வாய்ப்பு கூடும். சீக்கிரம் கண்டுபிடித்தால் மருந்து உண்டு. குடும்பமே பரம்பரைப் பைத்தியம் என்று ஊர் ஒதுக்கிய வீட்டில் ஓடியது தாமிரம் என்று முடித்தால் எப்படி? பாட்டி வாயில் ஒரு வரி மட்டும் முன்னாடியே போட்டு வையுங்கள், அவன் கண்ணில் வளையம் விழுந்துச்சு என்று.

காட்பாடி வாசி:
உடம்பெல்லாம் சிலிர்க்கிறது அக்கா. இதையே வைத்துக்கொள்கிறேன்.

குடியாத்தம் பொண்ணு:
வைத்துக்கொள்ளாதீர்கள்.

ஒன்றரை வருஷமாக இங்கே படிக்க மட்டும் செய்கிறவள், இன்றைக்குத்தான் எழுதுகிறேன். என் அம்மாவுக்கு மனச்சிதைவு நோய். தாமிரம் இல்லை, மாத்திரை கொண்டுவந்த கனவும் இல்லை, நிஜமாகவே அதுதான். தம்பி பிறந்த மறு வருஷம், அவருக்கு 27 வயதில் வந்தது. இந்த மாதிரிக் கதைகள் நிறையப் படித்துவிட்டேன், எல்லாமே இரண்டே வழியில்தான் முடிகின்றன. ஒன்று, பைத்தியம் கொலை செய்யும். இல்லாவிட்டால் கடைசியில் அது பைத்தியமே இல்லை, விஷம் வைத்தார்கள், சொத்துக்காகப் பழி போட்டார்கள், இப்போது தாமிரம். அப்பாடா, நம் ஆள் சுத்தம் என்று படிக்கிறவர் மூச்சு விடுவார். நிஜமாகவே நோய் வந்தவருக்கு உங்கள் கதையில் எங்கே இடம்?

எனக்கு 20 வயதிலிருந்து 28 வரைக்கும் நான் எப்படி இருந்தேன் என்று சொல்கிறேன், இதில் யாரும் சாகமாட்டார்கள். பக்கத்து வீட்டில் குக்கர் விசில் வந்தால் கூட இருப்பவரிடம் உங்களுக்கும் கேட்டதா என்று கேட்பேன். சாதாரணமாகக் கேட்கிற மாதிரி, சிரித்துக்கொண்டே. தெருவில் இரண்டு பேர் குசுகுசுவென்று பேசினால் என்னைப் பற்றியா என்று தோன்றும், அப்படித் தோன்றியதே அறிகுறியோ என்று அடுத்து தோன்றும். பெண் பார்க்க வந்த அன்றைக்கு அம்மாவைப் பேரணாம்பட்டில் பெரியம்மா வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள், திருப்பதி போயிருக்கிறாள் என்று சொன்னார்கள். நானும் தலையாட்டினேன். அதை நினைத்தால் இன்னும் சோறு இறங்காது.

கனவும் எனக்கு உண்டு. அதில் அம்மா துரத்த மாட்டார், கத்த மாட்டார். நல்ல தெளிவாக, நோய் வருவதற்கு முன்னால் இருந்த மாதிரி, மரிக்கொழுந்து வாசனையோடு உட்கார்ந்து எனக்கு எண்ணெய் வைத்துப் பின்னிவிடுவார். பின்னி முடித்து, ரிப்பன் கட்டி, முகத்தைத் திருப்பி என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். கூப்பிடுவது அவருடைய பெயரை.

27 வயது முழுக்கத் தூங்கவில்லை என்றே சொல்லலாம். 28-வது பிறந்த நாள் அன்று ஒன்றும் நடக்கவில்லை. காலையில் எழுந்து பல் விளக்கினேன், அழுகை வந்தது. இப்போது 34.

1305படி:
தங்கச்சி, ஒன்றும் சொல்லத் தோன்றவில்லை. அம்மா எப்படி இருக்கிறார்?

குடியாத்தம் பொண்ணு:
நன்றாக இருக்கிறார் அண்ணா. பீடி சுற்றுவார், மாத்திரை ஆரம்பித்த புதிதில் கை நடுங்கி இலை கிழிந்துகொண்டே இருந்தது, அப்புறம் டாக்டர் அளவைச் சரி செய்தார். சென்னையில் கீழ்ப்பாக்கம் என்று கேலி பேசுகிற மாதிரி எங்கள் பக்கம் வேலூர் மனநல ஆஸ்பத்திரி இருக்கும் பாகாயம் என்பார்கள், அந்தப் பெயரைக் கேட்டே எங்கள் வீட்டில் பத்து வருஷம் போகாமல் இருந்தார்கள். போன பிறகுதான் தெரிந்தது, அங்கே நோயாளியோடு வீட்டு ஆள் ஒருவரும் கூடவே தங்க வேண்டும். நான் தங்கினேன். அம்மாவின் வியாதி பற்றி எனக்கு முதல்முறையாக உட்கார வைத்துச் சொன்னது அங்கேதான்.

திகில் தின்னி:
அக்கா, மாத்திரை அட்டைக்குக் குதித்தவன் நான்தான். மன்னிச்சுடுங்க. ஒன்று மட்டும் கேட்கலாமா, அந்த வாய்ப்பு எவ்வளவு என்று உங்களுக்கு யாராவது சொன்னார்களா?

நைட் ட்யூட்டி:
நான் சொல்கிறேன், முந்திரிக்கொட்டை மாதிரி தாமிரத்தை நீட்டியதற்கு இது தண்டனையாக இருக்கட்டும். பொதுவாக நூறு பேரில் ஒருவருக்கு இந்த நோய் வரலாம் என்பார்கள். பெற்றவர்களில் ஒருவருக்கு இருந்தால் நூறில் பத்துப் பேர் அளவுக்கு. அதாவது 90 பேருக்கு வராது. ஒரே கருவில் பிறந்த ஒரே மாதிரி இரட்டையர்களில் ஒருவருக்கு வந்தால்கூட இன்னொருவருக்கு வருவது பாதிக்குப் பாதி, அல்லது அதற்கும் கீழே. ரத்தம் மட்டும்தான் காரணம் என்றால் இரண்டு பேருக்கும் வந்திருக்க வேண்டுமே. ஆண்களுக்குப் பெரும்பாலும் பதின்வயதின் கடைசியிலிருந்து இருபதுகளின் நடுவுக்குள் தொடங்கும், பெண்களுக்குச் சில வருஷம் தள்ளி. உங்கள் கதிர் 29-ல் உட்கார்ந்து நாள் எண்ணுகிறான், கண்டத்தின் பெரும்பகுதியை அவன் ஏற்கெனவே தாண்டிவிட்டான், யாரும் அவனிடம் சொல்லவில்லை. அப்பாவுக்கு 30-ல் வந்தால் மகனுக்கும் 30-ல் வரும் என்று ஒரு கணக்கும் கிடையாது.

அரை வாய்ப்பு, நாணயம் சுண்டுகிற மாதிரி, வேண்டுமென்றால் அது ஹன்டிங்டன் என்ற பரம்பரை மூளை நோய். அதன் மரபணுவை 1993-ல் கண்டுபிடித்தார்கள், ரத்தம் கொடுத்தால் வருமா வராதா என்று தெரிந்துவிடும். தெரிந்துகொள்ளவே வேண்டாம் என்று இருந்துவிடுகிறவர்கள்தான் அதிகம். அது வேறு கதை, இதில் சேர்க்காதீர்கள்.

பெருசு:
நானும் ஒரு வார்த்தை சொல்றேன். ஆரணி பக்கத்து ஆள், அறுபது வருஷமாகப் பாரதம் பார்க்கிறேன். தம்பி, நீ படுகளத்தில் பாதியைத்தான் எழுதினே. தொடையில் அடித்து, திரௌபதி கூந்தல் முடித்த உடனே கனவைக் கலைச்சுடறே. அப்புறம் இன்னா நடக்கும்னு ஞாபகம் இருக்கா? துரியோதனன் பொண்டாட்டி பெருந்திருவாள் வந்து புருஷன் மேல் விழுந்து ஒப்பாரி வைப்பாள், எங்க ஊர்ல கூட நின்ற பொம்பளைங்க எல்லாம் அழுவாங்க. காலையிலிருந்து திட்டித் தீர்த்தவங்களே அழுவாங்க. அழுது முடிச்சிட்டு அந்த உருவத்திலிருந்து ஆளுக்கு ஒரு பிடி மண் எடுத்துப் போய் நெல் குதிரில் போடுவாங்க, விளைச்சல் நல்லா இருக்கும்னு. நகக்கண்ணில் மண் வர்றதுக்குக் கொலைதான் பண்ணணுமா?

காட்பாடி வாசி:
இதை எப்படி மறந்தேன் பெரியவரே. நானே ஒரு பிடி எடுத்திருக்கிறேன்.

குடியாத்தம் பொண்ணு:
ஒரு விஷயம் கேட்டுவிட்டுப் போய்விடுகிறேன். பத்து அத்தியாயத்தையும் நேற்று ராத்திரி மறுபடி படித்தேன். கதிரின் அப்பா சிரிக்கிறார், சங்கிலியை ஆட்டுகிறார், நிலாவைப் பார்த்து ஊளையிடுகிறார், பேரைச் சொல்லிக் கத்துகிறார். ஒரு இடத்தில்கூட அவர் சாப்பிடவில்லை. என்ன சாப்பிட்டார்? யார் போட்டார்கள்?

மட்டுறுத்துநர்:
இழை சூடாகப் போகிறது, எல்லோரும் இதே மரியாதையோடு தொடருங்கள். இதைப் படிக்கும் யாருக்காவது மனசு கனமாக இருந்தால் 14416 என்ற டெலிமானஸ் எண், அரசின் மனநல உதவி எண், இலவசம், எந்நேரமும் தமிழில் பேசலாம்.

காட்பாடி வாசி:
மூன்று நாள் கழித்து வருகிறேன். தங்கச்சி கேட்ட கேள்விக்குப் பதில் தேடிப் பத்து அத்தியாயத்தையும் புரட்டினேன். ஒரே ஒரு இடம். ஐந்தாம் அத்தியாயத்தில் பாட்டி ஒரு அலுமினியத் தட்டைக் காலால் கொட்டகைக்குள் தள்ளுகிறாள். தட்டில் என்ன என்று எழுதவில்லை.

சரி, சொல்லிவிடுகிறேன். அது என் சித்தப்பா. கிணறு, கொலை எல்லாம் நான் சேர்த்தது. அவர் சாகவே இல்லை, அல்லது செத்தாரா என்று எங்களுக்குத் தெரியாது. எனக்கு ஒன்பது வயதாக இருக்கும்போது காட்பாடி ஜங்ஷனில் ஏதோ ஒரு ரயிலில் ஏறிவிட்டார். எந்தப் பக்கம் போகிற ரயில் என்றுகூட யாரும் பார்க்கவில்லை. தேடினார்கள், கொஞ்ச நாள். அப்புறம் வீட்டில் அவர் பேச்சை எடுப்பதில்லை, போட்டோவைப் பெட்டிக்கு அடியில் போட்டுவிட்டார்கள். எனக்கு மூக்கும் நெற்றியும் அவர் சாடை என்று அத்தை ஒருமுறை வாய் தவறிச் சொன்னார், அம்மா அத்தையை முறைத்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. படுகளக் கனவு எனக்கு வருவது. கல்லூரியில் படிக்கும்போதிலிருந்து. கதை எழுதினால் போய்விடும் என்று நினைத்தேன், எழுத எழுத அதிகமாகிவிட்டது.

சாப்பாட்டுக்கு வருகிறேன். அவருக்குச் சாப்பாடு கொண்டுபோவது என் வேலை. சங்கிலி எல்லாம் இல்லை, வெளித் திண்ணையில்தான் இருப்பார். கேழ்வரகுக் களி, வேர்க்கடலைச் சட்னி. களியில் குழி பண்ணிச் சட்னியை ஊற்றிவிட்டு, கையை வைப்பதற்கு முன்னால் நீ சாப்பிட்டியா என்று கேட்பார். சாப்பிட்டேன் என்றால் நம்ப மாட்டார், வாயைத் திறந்து காட்டச் சொல்வார். முதல் உருண்டை எனக்கு. ஒரு நாள்கூடத் தவறியதில்லை, ரொம்ப மோசமாக இருந்த நாட்களிலும்கூட. இதை இருபத்து மூன்று வருஷத்தில் ஒரு தடவைகூட நினைத்துப் பார்க்கவில்லை நான்.

1305படி:
தம்பி.

நைட் ட்யூட்டி:
எழுத எழுதக் கனவு அதிகமானதற்குக் காரணம், ஒவ்வொரு தடவையும் அதே பயத்தில் கொண்டுபோய் முடிக்கிறீர்கள். கெட்ட கனவுக்கு ஒரு சிகிச்சை முறை இருக்கிறது, மருந்து கிடையாது. பகலில், முழித்திருக்கும்போது, கனவை எழுத வேண்டும். எங்கே வேண்டுமானாலும் உங்களுக்குப் பிடித்த மாதிரி மாற்றலாம், முடிவை, ஆளை, இடத்தை. மாற்றியதைத் தினமும் பத்து இருபது நிமிஷம் மனசுக்குள் ஓட்டிப் பார்க்க வேண்டும். பலருக்குச் சில வாரங்களிலேயே கனவு வருவது குறைகிறது. தெரிந்த ஒரு மனநல மருத்துவரிடம் ஒரு நடை போய்க் கேட்டுக்கொண்டு செய்யுங்கள். உங்களுக்கு வயது முப்பத்திரண்டா? அப்படியானால் போகும்போது பயந்துகொண்டு போக வேண்டாம்.

திகில் தின்னி:
அப்போ தொடர்கதை? கம்பெனியில் செத்த இரண்டு பேரை யார் கொன்றது? நான் காசு கட்டாத வாசகன்தான், இருந்தாலும் கேட்பேன்.

காட்பாடி வாசி:
ஆறிலிருந்து எல்லாவற்றையும் அழித்துவிட்டேன் நண்பா. செத்தவர்கள் இரண்டு பேரும் பிழைத்துக்கொண்டார்கள், ஒருவர் ஜி.எஸ்.டி கணக்கு கேட்டுக் கதிரைத் திட்டிக்கொண்டிருக்கிறார். புது ஆறாம் அத்தியாயத்தின் தொடக்கம் இது, பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்:

"அழுதவர்கள் எல்லாம் போன பிறகு படுகளத்தில் கதிர் மட்டும் நின்றான். குங்குமத் தண்ணீர் காய்ந்து கறுத்திருந்தது. ஒரு பிடி மண் எடுக்கக் குனிந்தான். நீ சாப்பிட்டியா என்றது மண். சாப்பிட்டேன் என்றான். வாயைக் காட்டு என்றது."

திகில் தின்னி:
இதுதான் நிஜமான பயம். ராத்திரியில் படித்திருக்கக் கூடாது.

பெருசு:
நல்லா கீது.

குடியாத்தம் பொண்ணு:
படித்தேன். அப்பா முகம் எப்போது திரும்புகிறது என்று காத்துக்கொண்டே படித்தேன். அம்மாவுக்கும் வாசித்துக் காட்டினேன், பீடி சுற்றிக்கொண்டே கேட்டார். களிக்குக் கடலைச் சட்னி மட்டும் போட்டால் எப்படி, கொஞ்சம் கீரையாவது கடைந்து ஊற்றக்கூடாதா என்று கேட்கிறார். அடுத்த அத்தியாயத்தில் பார்த்துச் செய்யுங்கள்.